செடியில தொங்குது ஒரு சொம்பு!

விருத்தாசலம் ஜங்ஷன்ல இறங்கி 'இங்க என்ன ஃபேமஸ்?'னு கேளுங்க. பக்தி ஆசாமியா இருந்தா விருத்தகிரீஸ்வரர் கோயிலைக் காட்டுவார். வயித்துப் பார்ட்டியா இருந்தா முந்திரினு சொல்வார். மூணாவது ஆள் நிச்சயமா பீங்கானுக்குத்தான் கை காட்டுவார். அகல் விளக்கு, பொம்மை, கரன்ட் ஃப்யூஸ் கேரியர்னு களிமண்ணைச் சுட்டுச் சாமான் பண்ணியே பேர் வாங்கின ஊர் இது. பீங்கான் தொழிற்பேட்டை இருக்கு. அதைப் பாடமாவே சொல்லித் தர்ற அரசு பீங்கான் தொழில்நுட்பக் கல்லூரியும் இருக்கு.

இங்கே ஒரு ஜாடி எப்படிப் பொறக்குதுனு பார்த்திருக்கீங்களா? தோசை மாவு பதத்துல கரைச்ச களிமண்ணை பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் அச்சுல ஊத்துவாங்க. அச்சு தண்ணியை உறிஞ்சிக்கும். ஓரத்துல மண் தோல் மாதிரி படியும். போதுமான தடிமன் வந்ததும் மிச்சக் கரைசலைக் கவிழ்த்துக் கொட்டிடுவாங்க. அச்சைப் பிரிச்சா, உள்ளே வெற்றிடத்தோட அழகா ஒரு ஜாடி நிக்கும். அப்புறம் காயணும், சூளைக்குப் போகணும், கிளேஸ் பூசணும், மறுபடி சூளை. பெரிய வேலை பாஸ்!

எங்க மொட்டை மாடியில ஒருத்தன் இது எதுவுமே இல்லாம ஜாடி பண்ணிக்கிட்டிருக்கான். அச்சு இல்லை, சூளை இல்லை. இலை நுனியில நூல் மாதிரி ஒண்ணு நீளுது. நூலோட முனை அரிசி மாதிரி வீங்குது. வாரக்கணக்குல அது ஊதி, மேல்நோக்கி வளைஞ்சு, சுரைக்காய் ஷேப்புக்கு வருது. ஒருநாள் காலையில மேலே இருக்கிற மூடி திறக்குது. உள்ளே ஏற்கெனவே தண்ணி ரெடி! முதல் தடவை பார்த்த அம்மா சொன்னது இன்னும் காதுல நிக்குது... "என்னடா இது, செடியில சொம்பு தொங்குது?"

அந்தச் சொம்புக்காரன் பேர் நெப்பந்தஸ். ஸ்கூல் புக்ல 'குடுவைத் தாவரம்'னு படிச்சோமே, அதே ஆள்தான். படம் வரைஞ்சு பாகம் குறிச்சு மார்க் வாங்கினதோட நம்ம உறவு முடிஞ்சுபோச்சு. நிஜத்துல அதை வீட்டுல, அதுவும் கத்திரி வெயில் மண்டையைப் பொளக்கிற விருத்தாசலத்துல வளர்க்க முடியுமா? முடியும். ஆனா, ஒண்ணைக் கொன்னுட்டுத்தான் நான் இதைக் கத்துக்கிட்டேன். நீங்க அந்தக் கொலையைப் பண்ண வேண்டாமேனுதான் இந்தக் கட்டுரை.

முதல்ல ஒரு பழைய புரளியை உடைச்சிடலாம். பூச்சி உள்ளே விழுந்ததும் மூடி 'டப்'னு மூடிக்கும்னுதானே நினைச்சுட்டிருக்கீங்க? கிடையவே கிடையாது. ஒருதரம் திறந்த மூடி திறந்ததுதான். அது கதவு இல்லை... குடை! மழைத் தண்ணி உள்ளே கொட்டி ஜீரண ரசத்தை நீர்க்க வெச்சிடாம தடுக்கிற குடை. 'டப்'னு மூடறது வீனஸ் ஃப்ளை ட்ராப்னு வேற ஒரு அமெரிக்கக்காரன். நம்மாளு சாந்த சொரூபி. மூடியிலும் வாய் ஓரத்திலும் தேன் மாதிரி கொஞ்சம் சுரந்து வெச்சுட்டு, சும்மா தொங்குவான். எறும்பு வரும், நக்கும், வழுக்கும், விழும். அவ்ளோதான் மேட்டர். குடுவை என்பது பூவும் இல்லை, காயும் இல்லை; இலையோட ஒரு பாகம்.

இந்த வழுக்கல்ல ஒரு விஷயம் இருக்கு. அதை அப்புறம் சொல்றேன்.

லண்டன்ல எரிச்ச நிலக்கரி

நெப்பந்தஸ் குடும்பத்துல 170-க்கும் மேற்பட்ட இனங்கள் உண்டு. போர்னியோ, சுமத்ரா, பிலிப்பைன்ஸ் பக்கம்தான் கூட்டம் அதிகம். மேற்கே மடகாஸ்கர் வரைக்கும் பங்காளிங்க இருக்காங்க. 1658-லேயே ஃப்ளாகூர்ங்கிற பிரெஞ்சுக்காரர் மடகாஸ்கர் செடியைப் பத்தி எழுதி வெச்சுட்டார். இலங்கைக்குனே சொந்தமா ஒண்ணு இருக்கு, நெப்பந்தஸ் டிஸ்டில்லடோரியா. தண்ணியை வடிச்சு வெக்கிற செடினு அர்த்தம். இந்தியாவுக்குனு பார்த்தா ஒரே ஒரு இனம்தான்... மேகாலயாவோட நெப்பந்தஸ் காசியானா. காரோ, காசி, ஜைந்தியா மலைகள்தான் அதோட சொந்த ஊர். காரோ மக்கள் அதை 'மெமாங் கோக்ஸி'ம்பாங்க. பேயோட கூடைனு அர்த்தமாம். அம்மாவுக்குச் சொம்பு, அவங்களுக்குக் கூடை!

இந்தச் செடிங்ககிட்ட ஒரு விசேஷம். ஜாதி, மதம், தீவு எதையும் பார்க்காம ஒண்ணோட ஒண்ணு கலந்துடும். காட்டுலேயே இயற்கையா கலப்பினங்கள் நிறைய உண்டு. மனுஷன் கையால பண்ணின முதல் கலப்பினம் 1862-ல வெளிவந்தது. வீச் நர்சரியோட ஜான் டாமினிங்கிற தோட்டக்காரர் மகரந்தத்தைத் தொட்டு வெச்சுப் பண்ணினது அது. அவர் பேரையே சேர்த்து 'டாமினியை'னு வெச்சாங்க. அப்புறம் விக்டோரியா காலத்துப் பணக்காரங்களுக்கு இந்தச் செடி ஒரு பைத்தியமாவே ஆயிடுச்சு. கண்ணாடி வீடு கட்டி, நிலக்கரி எரிச்சு, தண்ணியைக் கொதிக்கவெச்சு குழாய்ல ஓடவிட்டு, புழுக்கத்தை உண்டாக்கி வளர்த்தாங்க. கவனிச்சீங்களா? லண்டன்காரன் காசைக் கொட்டி நிலக்கரி எரிச்சு உண்டாக்கின புழுக்கம், பக்கத்துல நெய்வேலியை வெச்சிருக்கிற நமக்கு பைசா செலவில்லாம வருஷத்துல பாதி நாள் கிடைக்குது!

அதே வீச் நர்சரி 1880-களோட தொடக்கத்துல 'மாஸ்டர்ஸியானா'னு ஒரு கலப்பினம் விட்டது. அதோட பெற்றோர்ல ஒண்ணு மலேயா நாட்டு சங்குவினியா. இன்னொண்ணு... நம்ம மேகாலயா காசியானா! முதல் உலகப் போர் வந்து நிலக்கரியும் ஆளும் இல்லாம போனதுல அந்தக் கிறுக்கு அடங்கிடுச்சு. ஆனா, கலப்பினங்கள் பிழைச்சுக்கிச்சு.

சரி, எதுக்குக் கலப்பினம்? காட்டுச் செடியே வாங்கினா என்னனு கேட்கலாம். காட்டு இனங்கள் ரொம்ப அடம்பிடிக்கும். சில இனம் மலை உச்சியில மேகத்துக்குள்ளேயே பொறந்து வளர்ந்தது. ராத்திரி 15 டிகிரிக்கு இறங்கலைனா சோறு தண்ணி இறங்காது. விருத்தாசலத்துல ராத்திரி 15 டிகிரிக்கு நான் எங்கே போவேன்? சில இனம் சதுப்புல வளர்ந்தது, காத்துல ஈரம் குறைஞ்சா மூஞ்சைத் தூக்கிக்கும். ரெண்டையும் கலந்தா பிள்ளை ரெண்டு பக்கமும் அட்ஜஸ்ட் பண்ணிக்குது. வேகமா வளருது, தப்பையும் கொஞ்சம் பொறுத்துக்குது. நர்சரிகள்ல அதிகமா கிடைக்கிற 'வென்ட்ரேட்டா' இப்படிப் பிறந்ததுதான். வென்ட்ரிகோஸா, அலாட்டா ரெண்டு பேரையும் வெட்டி ஒட்டின பேர் அது, நம்ம ஊர்ல அப்பா பேர் பாதி அம்மா பேர் பாதி சேர்த்து கடைக்குப் பேர் வெக்கிற மாதிரி. (அந்த அலாட்டாவே அலாட்டா இல்லை, கிராஸிலிஃப்ளோரானு பின்னாடி ஆராய்ச்சியாளர்கள் சொன்னாங்க. ஆனா, கடையில போர்டை யாரும் மாத்தலை.) கலப்பினத்தோட பேரை எழுதறப்போ தாய் பேர் முதல்ல, நடுவுல பெருக்கல் குறி, அப்புறம் தகப்பன் பேர். இந்த ஒரு விஷயத்துல நம்ம கல்யாணப் பத்திரிகைங்க பாடம் கத்துக்கலாம்!

வெயில் ஊருக்கு வென்ட்ரேட்டாவைவிடத் தாழ்நிலத்து ரத்தம் கலந்தது இன்னும் தோது. ஆம்புல்லேரியாவும் வென்ட்ரிகோஸாவும் சேர்ந்த 'ப்ளடி மேரி', ஆம்புல்லேரியாவும் ராஃப்ளேஸியானாவும் சேர்ந்த 'ஹூக்கரியானா', பெரிய பெரிய குடுவை விடற 'மிராண்டா'... இதுங்க பேரைக் குறிச்சு வெச்சுக்குங்க.

கொலைக் கதை

முதல் செடி கூரியர்ல வந்தது. வென்ட்ரேட்டா. ரெண்டு சினிமா டிக்கெட்டும் ஒரு பாப்கார்னும் சேர்ந்த காசு. பெட்டியைப் பிரிச்சா நாலு குடுவை, நாலும் காஞ்சு சருகு. ஏமாத்திட்டாங்கனு பதறினேன். உண்மை என்னன்னா, பயணத்துல குடுவை காயறது சகஜம். செடி புது இடத்துக்குப் பழகி, அடுத்தடுத்த இலைங்களை விட்டு, புதுக் குடுவை ஊத ரெண்டு மூணு மாசம்கூட ஆகலாம். பொறுமையா இருந்திருக்கணும். நான் இருக்கலை.

பசியில வாடுது போலனு நினைச்சு, ரோஜாவுக்கு வெச்சிருந்த உரத்துல ஒரு ஸ்பூன் எடுத்து வேர்ல போட்டேன். எங்க ஊர் மணிமுத்தாற்றுல சுந்தரர் பொன்னைப் போட்டுட்டு திருவாரூர் குளத்துல போய் எடுத்த கதை தெரியும்ல? ஆத்துல போட்டு குளத்துல தேடுறதுனு பழமொழியே அதுலதான் வந்ததுனு சொல்வாங்க. நான் வேர்ல போட்டுட்டு குடுவையில தேடினேன். சுந்தரருக்குக் கிடைச்சது. எனக்குக் கிடைக்கலை. இந்தச் செடி சத்தே இல்லாத மண்ணுல பிழைக்கிறதுக்காகவே பூச்சி பிடிக்கக் கத்துக்கிட்ட செடி. வேருக்கு உரம் பழக்கமில்லை. அஞ்சே நாள்ல இலை ஓரம் கறுத்தது.

கறுத்ததும் இன்னும் பதறி, காலையும் சாயங்காலமும் தண்ணி ஊத்தினேன். போர் தண்ணி! நம்ம பக்கத்து போர் தண்ணியைப் பத்தி உங்களுக்குச் சொல்லணுமா? பக்கெட்டுல ஒரு ராத்திரி வெச்சா சுத்தி வெள்ளை வளையம் போடும். அந்த உப்பெல்லாம் தொட்டியிலேயே தங்கிச்சு. மூணாவது வாரம் செடி போய்ச் சேர்ந்துடுச்சு. தூக்கிப் போடறப்போதான் பார்த்தேன், மண் தொட்டியோட வெளிப்பக்கம் முழுக்க வெள்ளையா உப்பு பூத்திருந்தது.

அந்தத் தொட்டியைப் பார்த்துச் சிரிச்சவன் செராமிக் படிச்ச என் நண்பன். "மாப்ள, சுட்ட மண்ணுக்குள்ள கண்ணுக்குத் தெரியாத ஓட்டை ஆயிரம் இருக்குடா. தண்ணி அது வழியா வெளிய வந்து ஆவியாகும். உப்பு எங்க போகும்? அங்கேயே உக்காரும். கிளேஸ் பூசின தொட்டியில வெச்சிருந்தா இவ்ளோ சீக்கிரம் செத்திருக்காது"னான். கிளேஸ்ங்கிறது வேற ஒண்ணுமில்லை, சூளைச் சூட்டுல உருகிப் பரவின மெல்லிய கண்ணாடிப் படலம். அது ஓட்டையை அடைச்சிடும்.

ரெண்டாவது செடிக்கு அவனே தொட்டி ஏற்பாடு பண்ணினான். இங்கே ஒரு டிப்ஸ். பீங்கான் தொட்டி சொல்லி வாங்கறதா இருந்தா, அடியில ஓட்டை வேணும்னு முன்கூட்டியே சொல்லுங்க. பச்சை மண்ணா இருக்கும்போது விரல் தடிமனுக்கு நாலு ஓட்டை போடறது ஒரு நிமிஷ வேலை. சுட்டப்புறம் டிரில் போட்டா பாதி தொட்டி விரிசல் விடும். கிளேஸ்ல கோடு விழுந்துபோன செகண்ட்ஸ் கிடைக்குமானும் கேட்டுப் பாருங்க. செடிக்கு டிசைன் முக்கியமில்லை. பீங்கான் இல்லைனா பிளாஸ்டிக் தொட்டியே போதும், கவலை இல்லை.

தொட்டிக்குள்ள மண் கிடையாது! இதைக் கேட்டதும் அம்மா 'மண்ணில்லாம செடியா?'னு மறுபடி ஒரு லுக் விட்டாங்க. தேங்காய் மட்டைத் துண்டு ரெண்டு பங்கு, பெர்லைட் ஒரு பங்கு, ஸ்பேக்னம் பாசி ஒரு பங்கு, கொஞ்சம் அடுப்புக்கரித் துண்டு. பெர்லைட்டுங்கிறது எரிமலைக் கண்ணாடிக் கல்லைச் சூடு பண்ணிப் பொரிச்ச பொரி. நர்சரிக் கடையில கிடைக்கும். தேங்காய் மட்டை நம்ம ஊர்ச் சரக்குதான், ஆனா அதுலேயும் உப்பு உண்டு. ஒரு நாள் முழுக்க ஊறவெச்சு, பிழிஞ்சு, தண்ணி மாத்தி, மறுபடி ஊறவெச்சு... மூணு நாலு தடவை அலசுங்க. சோம்பேறித்தனம் பட்டா என் முதல் செடி போன ஊருக்கு உங்க செடியும் போகும்.

தண்ணிதான் இதுல உயிர்நாடி. மழைத் தண்ணி முதல் சாய்ஸ். ஐப்பசி, கார்த்திகையில மொட்டை மாடியில ஒரு டிரம் பிடிச்சு மூடி வெச்சா கணிசமான நாள் ஓடும். அடுத்தது ஆர்.ஓ. தண்ணி. ஏ.சி.யில சொட்டற தண்ணியும் பரவாயில்லை, அது காத்துல இருந்து குளிர்ந்து விழுந்த தண்ணி, உப்பு கிடையாது. சந்தேகமா இருந்தா சில நூறு ரூபாய்க்கு டி.டி.எஸ். மீட்டர் பேனா கிடைக்குது. 50-க்குக் கீழே காட்டினா சூப்பர். 100 வரைக்கும் ஓகே. எங்க வீட்டு போர் தண்ணியில முக்கினப்போ மீட்டர் காட்டின நம்பரைப் பார்த்து, 'இதைத்தான் இத்தனை வருஷமா குளிக்கிறோமா'னு வீட்டுல ஒரு குட்டி மாநாடே நடந்தது.

மீடியா எப்பவும் ஈரமா இருக்கணும். ஆனா, தண்ணியில நிக்கக் கூடாது, வேர் அழுகிடும். கீழே தட்டு வெச்சா, அதுல தேங்கற தண்ணியை மூணு நாளுக்கு ஒருதரம் கொட்டிடுங்க. இல்லைனா டெங்கு கொசு அதுல குடித்தனம் பண்ணும். 'பூச்சி தின்னும் செடி வெச்சிருக்கான், வீட்டுல கொசு வளருது'ங்கிற பேர் நமக்கெதுக்கு? சொல்லிடறேன், இது கொசு பிடிக்கிற மெஷினும் இல்லை. பிடிக்கறதெல்லாம் பெரும்பாலும் எறும்புதான். நம்ம ஊர்ல எறும்புக்கா பஞ்சம், அதுவே பார்த்துக்கும். சிக்கன் துண்டு போட்டுப் பார்த்தா என்னனு யோசிக்கிறீங்களா? போடாதீங்க. குடுவை அழுகி நாறும். ஹாஸ்டல்னா ரூம்மேட் உங்களையும் செடியையும் சேர்த்து வெளியே வெப்பான்.

காலை வெயில் ரெண்டு மூணு மணி நேரம் படற கிழக்குப் பக்கம் தோது. மதிய வெயிலுக்குப் பச்சை வலை கட்டணும். 'இலை மட்டும் ஜோரா வருது, குடுவை வரலை'ங்கிறதுதான் வளர்க்கிறவங்களோட முதல் புலம்பல். காரணம் ரெண்டே ரெண்டுதான் பெரும்பாலும். வெளிச்சம் பத்தலை, இல்லை காத்துல ஈரம் பத்தலை. மத்த செடிங்களுக்கு நடுவுல கூட்டத்தோட வெச்சா ஈரம் தானா கூடும். புதுசா வந்த செடியை ரெண்டு வாரம் ஓட்டை போட்ட கண்ணாடிக் கவர் போட்டு மூடி, அப்புறம் கொஞ்சம் கொஞ்சமா திறந்து பழக்குங்க.

இதெல்லாம் தாண்டி ஒரு வில்லன் இருக்கான். கத்திரி! ஏப்ரல் கடைசியில எங்க மொட்டை மாடித் தரையில காலை வெக்க முடியாது. தொட்டிக்குள்ள வேரே வெந்துடும். இங்கேதான் விருத்தாசலத்துக்காரன் மூளை வேலை செஞ்சது (என் மூளை இல்லை, நண்பனோடது). கிளேஸ் இல்லாத பெரிய மண் தொட்டி ஒண்ணு எடுத்து, அதுக்குள்ள மணல் நிரப்பி, நடுவுல செடியோட பீங்கான் தொட்டியை இறக்கினான். மணலை மட்டும் காலை மாலை நனைச்சோம். வெளித் தொட்டியோட ஓட்டைங்க வழியா தண்ணி ஆவியாகுது, உள்ளே குளிருது. அட, நம்ம மண்பானைத் தண்ணி குளிர்ற அதே டெக்னிக்! எந்த ஓட்டை முதல் செடியைக் கொன்னதோ, அதே ஓட்டை ரெண்டாவதைக் காப்பாத்திச்சு. ஒரே ஒரு எச்சரிக்கை. உள் தொட்டியோட அடி ஓட்டை ஈர மணலைத் தொட்டா, மணல்ல ஊத்தின போர் தண்ணி உப்போட மேலே ஏறிடும். ஒரு சின்னக் கிண்ணத்தைக் கவிழ்த்து அதுமேல உட்கார வைங்க. ரெண்டு கத்திரி தாண்டிடுச்சு. அந்த மாசங்கள்ல குடுவை வரலைதான். ஆனா, உயிர் இருந்தது. முதல் மழைக்கு அப்புறம் ஒரே மாசத்துல மூணு சொம்பு!

பாத்ரூம் டைல்ஸும் எறும்பும்

இப்போ அந்த வழுக்கல் கதை. குடுவையோட வாயைச் சுத்தி பளபளனு ஒரு விளிம்பு இருக்கும். பார்க்க அச்சு அசல் கிளேஸ் பூசின மாதிரியே இருக்கும். அது மெழுகு, அதான் வழுக்குதுனுதான் ரொம்ப காலம் நினைச்சாங்க. 2004-ல ஹோல்கர் போன், வால்டர் ஃபெடர்லே ஆகிய ரெண்டு ஆராய்ச்சியாளர்கள் உட்கார்ந்து எறும்பை நடக்கவிட்டுப் பார்த்தாங்க. விளிம்பு காஞ்சிருந்தப்போ எறும்பு ஜாலியா வாக்கிங் போச்சு. நனைஞ்சதும் சர்ர்ர்ர்! அந்த விளிம்புல நுண்ணிய வரப்பு வரப்பா இருக்கு. தண்ணி பட்டா முத்து முத்தா நிக்காம மெல்லிய படலமா பரவிடும். எறும்போட கால் செடியைத் தொடவே இல்லை, தண்ணி மேல மிதக்குது. ஈர டைல்ஸ்ல சோப்போட கால் வெச்சு நாம விழறோமே, அதே சமாசாரம்தான்.

2011-ல அமெரிக்காவுல ஹார்வர்டு பல்கலைக்கழகத்து ஜோனா ஐசன்பெர்க் குழு இந்த ஐடியாவை அப்படியே சுட்டுச்சு. நுண்துளை உள்ள ஒரு பொருள்ல வழுக்கற திரவத்தை ஊறவெச்சு, எண்ணெய், ரத்தம், பனிக்கட்டினு எதுவும் ஒட்டாத மேற்பரப்பு பண்ணிக் காட்டினாங்க. நுண்துளைப் பொருள், அதுல ஊறின திரவம்... இதைப் படிச்சுக் காட்டினதும் நம்ம செராமிக் நண்பன் ஒரு நிமிஷம் பேசவே இல்லை. "பிஸ்கட் பீஸை எண்ணெய்ல ஊறப்போட்டா வர்ற மாதிரியா?"னு மட்டும் கேட்டான். காலேஜ்ல ப்ராஜெக்ட் டாபிக் தேடி அலையறவங்க இந்தக் கேள்வியைத் தாராளமா எடுத்துக்கலாம், ராயல்டி வேண்டாம்!

பிடுங்கின செடி வேண்டாம்

வாங்கறதுக்கு முன்னாடி ஒண்ணே ஒண்ணு. 'ஒரிஜினல் மேகாலயா காட்டுச் செடி, வேரோட'னு யாராவது ஆசை காட்டினா, அந்தப் பக்கமே போகாதீங்க. காசியானாவை நம்ம வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் பேர் சொல்லியே பாதுகாக்குது. நாடு விட்டு நாடு விக்கிறதைக் கட்டுப்படுத்தற சைட்டஸ் ஒப்பந்தத்துல, ரொம்பக் கடுமையான முதல் பட்டியல்ல இருக்கிற ரெண்டே நெப்பந்தஸ்ல அது ஒண்ணு. இன்னொண்ணு போர்னியோவோட ராஜா. (பேரே ராஜாதான். மூணு லிட்டர் பிடிக்கிற குடுவை!) நம்ம செடிக்குனே தெற்கு காரோ மலையில பாக்மாராவுல தனியா சரணாலயம் வெச்சிருக்காங்க. சுரங்கம், காடழிப்பு, அப்புறம் 'அழகா இருக்கே'னு வேரோட பிடுங்கற கைகள்... எல்லாம் சேர்ந்துதான் இந்த நிலைமை. 2022-ல கம்போடியாவுல மலைக்கு டூர் போனவங்க குடுவைகளைப் பறிச்சு விளையாடின வீடியோ பரவி, அந்த நாட்டுச் சுற்றுச்சூழல் அமைச்சகமே 'தயவுசெஞ்சு பறிக்காதீங்க'னு சொல்ல வேண்டியதாப்போச்சு.

பிடுங்கிக் கொண்டுவந்த காட்டுச் செடி உங்க வீட்டுல பிழைக்கவும் செய்யாது, அது வேற விஷயம். கலப்பினங்களை ஆய்வுக்கூடக் குப்பியில திசு வளர்ப்பு முறையில ஆயிரக்கணக்குல உருவாக்கறாங்க. இலங்கையோட மலைநாட்டுல 'போர்னியோ எக்ஸாடிக்ஸ்'னு இதுக்குனே உலகப் புகழ் நர்சரி ஒண்ணு இருக்கு. கேரளாவுல பாலோட்டுல இருக்கிற ஜவஹர்லால் நேரு வெப்பமண்டலத் தாவரவியல் பூங்காவுல காசியானாவை வெச்சே ஆராய்ச்சி நடக்குது. புற ஊதா வெளிச்சத்துல குடுவையோட விளிம்பு நீலமா ஒளிர்றதை 2013-ல கண்டுபிடிச்சுச் சொன்னது அங்கே இருக்கிறவங்கதான். தாவரவியல், பயோடெக் படிக்கிறவங்க ஒருதரம் போய் வாங்க.

செலவே இல்லாம செடி வேணுமா? ஏற்கெனவே வெச்சிருக்கிற யாரையாவது பிடிங்க. கொடி நீளமா ஓடினதும் நுனியை வெட்டித்தான் ஆகணும். ரெண்டு மூணு கணு இருக்கிற துண்டா நறுக்கி, இலையைப் பாதியாக் கத்தரிச்சு, ஈரப் பாசியில சொருகி, கவர் போட்டு நிழல்ல வெச்சா ஒண்ணு ரெண்டு மாசத்துல வேர் பிடிக்கும். எங்க மாடியில இப்போ ஒண்ணு, நண்பனோட பட்டறை ஜன்னல்ல ஒண்ணு, மூணாவது அவனோட அக்கா வீட்டுக்குச் சீர் வரிசை மாதிரி போயிடுச்சு.

ஆனா, சொந்தமா ஒரு புதுக் கலப்பினம் பண்ணணும்னா வெட்டு வேலை போதாது. விதை வேணும். இந்தச் செடியில ஆண் தனி, பெண் தனி. பூத்தாத்தான் எதுனு தெரியும். அதுக்கே சில வருஷம் காத்திருக்கணும். ஆண்னா பூவோட நடுவுல மஞ்சள் மகரந்தம் உருண்டையா நிக்கும். பெண்னா பச்சையா குட்டிச் சூலகம் இருக்கும். வெட்டி வெச்ச துண்டெல்லாம் தாய்ச்செடி எதுவோ அதே. திசு வளர்ப்புலேயும் அப்படித்தான், ஒரு செடியில இருந்து பெருகின ஆயிரமும் ஆண்னா ஆயிரமும் ஆண்!

எங்களோட ப்ளடி மேரி போன வாரம் நடுவுல இருந்து ஒரு தண்டு விட்டிருக்கு. இலை இல்லை, பூங்கொத்துதான். மிளகு சைஸ்ல பச்சை மொட்டுங்க, எதுவும் இன்னும் திறக்கலை. நண்பன் ஆண்ங்கிறான். நான் பெண்ங்கிறேன். பந்தயம் ஒரு டீ, ஒரு முந்திரி பக்கோடா. அம்மாவைக் கேட்டோம். கிட்டப்போய் உத்துப் பார்த்துட்டு, "எதுவா இருந்தா என்னடா, முதல்ல அந்தச் சொம்புல இருக்கிற எறும்பைத் தட்டிவிடு"ன்னாங்க.